மூன்றாவது சக்கரம் கோட்டைத் தொடும் நேரம்

திருகோணமலை உப்புவெளியில் இருந்து பதினேழு வயதுத் தம்பி ஒருவர் எனக்கு எழுதிக் கேட்டிருந்தார். தேசிய அணிகள் மோதும் சைக்கிளோட்டப் போட்டி ஒன்றைத் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறார். சாய்ந்த மரத்தடத்தில் நான்கு பேர் ஒருவர் பின் ஒருவராகப் பறக்கிறார்கள். முடிவில் ஒருவர் எங்கோ பின்தங்கி வருகிறார். ஆனாலும் அந்த அணி வென்றுவிட்டது. "இது எப்படி? அந்தச் சரிவில் ஏன் வழுக்கி விழுவதில்லை? பிரேக் இல்லாத சைக்கிளை ஏன் ஓடுகிறார்கள்? எங்கள் ஊர்ப் பிள்ளை ஒருவர் அங்கே போய் நிற்க வழி இருக்கிறதா?" இவைதான் அவருடைய கேள்விகள். கடைசிக் கேள்விக்காகவே இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

தம்பி, காற்றிலிருந்து தொடங்குகிறேன். அதை விளங்கிக்கொண்டால் பாதிப் போட்டி விளங்கிவிடும். ஆனி, ஆடி மாதங்களில் கச்சான் காற்று அடிக்கும் பின்னேரத்தில் கண்டி வீதியில் சீனன்குடாப் பக்கமாக நீங்கள் சைக்கிள் ஓடியிருப்பீர்கள். புழுதி கண்ணுக்குள் போகும், தொடை கல்லாகிவிடும், எவ்வளவு மிதித்தாலும் அடுத்த மின்கம்பம் கிட்ட வராது. அந்த நேரத்தில் ஒரு நண்பன் முன்னே போக, அவனுடைய பின்சக்கரத்துக்கு ஒரு முழம் பின்னால் நீங்கள் ஒட்டிக்கொண்டால், வீதி திடீரென்று இறக்கமாகிவிட்டதைப் போல இருக்கும். காற்று நின்றுவிடவில்லை. உங்களுக்கு வரவேண்டிய காற்றை அவன் தன் நெஞ்சில் வாங்கிக்கொண்டு போகிறான்.

காற்றே வீசாத நாளிலும் இது உண்டு, ஏனென்றால் வேகமே காற்றை உண்டாக்கிவிடும். வேகம் இரண்டு மடங்கானால் காற்றின் எதிர்ப்பு நான்கு மடங்காகும். அந்த எதிர்ப்பை அந்த வேகத்தில் தள்ளிக்கொண்டு போவதற்குத் தேவையான வலு எட்டு மடங்காகும். நாம் சந்தைக்குப் போவது மணிக்குப் பதினைந்து கிலோமீற்றர் வேகத்தில். தேசிய அணிகள் ஓடுவது மணிக்கு 65 கிலோமீற்றர் வேகத்தில். அங்கே வீரர் செலவழிக்கும் வலுவில் மிகப் பெரும் பகுதி காற்றுக்கே போய்விடுகிறது. பின்னால் ஒட்டி வருகிறவருக்கு அதில் மூன்றில் ஒரு பங்களவு மிச்சமாகிறது. இதைப் படித்துவிட்டு பஸ்ஸின் பின்னால், லொறியின் பின்னால் ஒட்டிப் போய்ப் பார்க்க வேண்டாம். அப்படிப் போன ஒரு பிள்ளையை நான் ஆஸ்பத்திரிக் கட்டிலில் போய்ப் பார்த்திருக்கிறேன்.

நீங்கள் பார்த்த போட்டியின் பெயர் டீம் பெர்சூட், தமிழில் அணித் துரத்தல் என்று சொல்லலாம். தூரம் 4 கிலோமீற்றர். தடத்தின் சுற்று 250 மீற்றர் என்பதால் மொத்தம் 16 சுற்று. இரண்டு நாடுகளின் அணிகள் தடத்தின் எதிரெதிர்ப் பக்கங்களில் இருந்து ஒரே நேரத்தில் புறப்படும். அதாவது ஒவ்வோர் அணியும் மற்றதைத் துரத்துகிறது. எதிரணியைப் பிடித்துவிட்டால் அங்கேயே வெற்றி. பெரும்பாலும் பிடிக்க முடியாது, அதனால் கடிகாரம்தான் தீர்ப்புச் சொல்லும்.

புறப்பட்ட சில நொடிகளில் நால்வரும் ஒரே கோடாகிவிடுவார்கள். முன்சக்கரத்துக்கும் அதற்கு முன்னால் போகிறவரின் பின்சக்கரத்துக்கும் இடையில் சில அங்குலமே இருக்கும். முன்னால் போகிறவர் ஒரு சுற்றோ ஒன்றரைச் சுற்றோ காற்றை வாங்குவார். பிறகு வளைவு வரும்போது தடத்தின் சரிவில் மேலே ஏறுவார். மற்ற மூவரும் அவருக்குக் கீழே சீறிக்கொண்டு போக, அவர் அந்த உயரத்திலிருந்து இறங்கி, இழந்த வேகத்தைத் திரும்பப் பெற்று, மூன்றாவது ஆளின் பின்சக்கரத்தில் வந்து ஒட்டிக்கொள்வார். இதை அடுத்த முறை கவனித்துப் பாருங்கள். அவர் இறங்கி வந்து சேர்கிற இடம் ஒரு சாண் பிசகினாலும் கோடு அறுந்துவிடும். பிந்தினால் காற்றில் தனியே மாட்டிக்கொள்வார். முந்தினால் முன்னவரின் சக்கரத்தில் மோதுவார். பல்லாயிரம் தடவை பழகிய பிறகுதான் அது தண்ணீர் ஓடுவது போல வரும்.

இனி உங்கள் முதல் கேள்வி. அணியின் நேரம் எடுக்கப்படுவது மூன்றாவது வீரரின் முன்சக்கரம் கோட்டைத் தொடும்போதுதான். முதலாவது ஆள் எவ்வளவு சீக்கிரம் வந்தாலும் அதற்கு மதிப்பில்லை. நான்காவது ஆள் வந்தாலும் வராவிட்டாலும் கேள்வி இல்லை. நான் அறிந்த விளையாட்டு விதிகளில் எனக்கு மிகவும் பிடித்த விதி இது. அணியிலேயே வலுக் கூடிய வீரர் தன் வேகத்தைக் காட்டிவிட்டால் மூன்றாவது ஆள் கழன்றுவிடுவார், போட்டி போய்விடும். அவர் தன் வலுவைத் தூக்கி மற்றவர்களுக்குக் கொடுக்க வேண்டும், கழன்றுபோகாத அளவுக்கு மட்டும். நான்காவது ஆளாகப் பின்தங்கியவரை நீங்கள் தோற்றவர் என்று நினைத்திருப்பீர்கள். பெரும்பாலும் அவர்தான் நடுப்பகுதியில் இரண்டு சுற்று, இரண்டரைச் சுற்று என்று நீளமாகக் காற்றை வாங்கி, உடம்பில் இருந்ததை எல்லாம் கொடுத்துவிட்டு, இனி என்னால் ஆகாது என்று சரிவில் மேலே ஏறி விலகியவர். அப்படி விலகுவது முதலிலேயே திட்டமிட்டதாகக்கூட இருக்கும். பதக்க மேடையில் அவரும் நிற்பார்.

2021 ஓகஸ்டில், ஓராண்டு தள்ளிப்போன டோக்கியோ ஒலிம்பிக்கின் இறுதிப் போட்டியை இதற்குச் சான்றாகச் சொல்ல வேண்டும். இத்தாலியும் டென்மார்க்கும் மோதின. இத்தாலி அணியில் பிலிப்போ கன்னா, சிமோனே கொன்சோனி, பிரான்செஸ்கோ லமோன், ஜொனத்தான் மிலான். கடைசி ஒரு கிலோமீற்றர் தொடங்கும்போது இத்தாலி அரைச் செக்கனுக்கும் மேலாகப் பின்னால் இருந்தது. இந்த விளையாட்டில் அது பெரிய தூரம். அப்போது கன்னா முன்னுக்கு வந்தார். இன்றைய உலகின் மிக வலுவான சைக்கிளோட்ட வீரர்களில் ஒருவர் அவர். ஒரு மணி நேரத்தில் எவ்வளவு தூரம் ஓடலாம் என்கிற சாதனையை 2022 ஒக்டோபரில் 56.792 கிலோமீற்றர் ஓடி எடுத்தவரும் அவர்தான். அன்றைக்கு அவர் பின்னால் ஒட்டியிருந்தவர்களை அறுத்துவிடாமல், ஆனால் அறுந்துபோகும் எல்லை வரைக்கும் இழுத்துக்கொண்டு போனார். ஒவ்வொரு அரைச்சுற்றிலும் இடைவெளி குறைந்தது. இத்தாலி 3 நிமிடம் 42.032 செக்கன், டென்மார்க் 3 நிமிடம் 42.198 செக்கன். வித்தியாசம் 0.166 செக்கன். தடத்தில் அளந்தால் ஏறத்தாழ மூன்று மீற்றர். நான்கு கிலோமீற்றர் ஓடி மூன்று மீற்றரில் ஒரு தங்கம்.

அதே போட்டியில் அதற்கு முந்திய சுற்றில் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். டென்மார்க் பிரித்தானியாவைத் துரத்தியது. பிரித்தானிய அணியில் ஒருவர் கழன்று பின்னால் தனியே ஓடிக்கொண்டிருந்தார். டென்மார்க்கின் முன்னணி வீரர் காற்றைக் குறைக்கத் தலையைக் கவிழ்த்துக்கொண்டு முழு வேகத்தில் வந்து அவருடைய பின்சக்கரத்தில் மோதினார். இருவரும் தடத்தில் உருண்டார்கள். எதிராளியைப் பிடித்துவிட்டதாக நடுவர்கள் தீர்ப்பளிக்க, டென்மார்க் இறுதிக்கு வந்தது. தலையைக் கவிழ்த்து ஓடுவது எவ்வளவு வேகத்தைத் தரும், எவ்வளவு ஆபத்தைத் தரும் என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை.

நேரங்கள் இறங்கி வந்த கதை தனி அழகு. 2000இல் சிட்னியில் ஜேர்மனி 3 நிமிடம் 59.710 செக்கனில் ஓடி, நான்கு நிமிட எல்லையை முதன்முதலாக உடைத்தது. 2008இல் பெய்ஜிங்கில் பிரித்தானியா 3 நிமிடம் 53.314 செக்கன். 2024இல் பாரிஸில் அவுஸ்திரேலியா 3 நிமிடம் 40.730 செக்கன். இருபத்துநான்கு ஆண்டுகளில் 19 செக்கன் கரைந்திருக்கிறது. மனிதக் கால் அந்த அளவுக்கு மாறிவிடவில்லை. தலைக்கவசத்தின் வடிவம், உடலோடு ஒட்டிய உடையின் துணி, கைகளை நீட்டிப் பிடிக்கும் கோணம் என்று காற்றை ஏமாற்றும் வழிகளும், பெடலோடு சேர்ந்த பற்சக்கரத்தின் அளவும்தான் மாறியிருக்கின்றன. தடம் இருக்கும் மண்டபத்தைக்கூடச் சூடாக்கி வைக்கிறார்கள். 2012இல் லண்டனில் அதை ஏறத்தாழ 28 பாகையில் வைத்திருந்தார்கள். சூடான காற்று அடர்த்தி குறைந்தது, கிழித்துக்கொண்டு போவது இலகு. எங்களுக்கு இயற்கை சும்மா தரும் வெப்பத்தை அவர்கள் பணம் கொடுத்து உண்டாக்குகிறார்கள்.

அடுத்து அந்தச் சரிவு. கார்னிவல் காலத்தில் மரணக் கிணறு பார்த்திருப்பீர்கள். பலகைச் சுவரில் மோட்டார் சைக்கிள் படுக்கையாக ஓடும், மேலே நிற்கும் எங்கள் காலுக்குக் கீழே பலகை அதிரும். அதே கணக்குத்தான் இங்கும். நேராக ஓட விரும்பும் உடம்பை வளைவு உள்ளே திருப்புகிறது. அந்த வேகத்தில் தட்டைத் தரையில் திரும்பினால் ரயர் பிடி விட்டு வெளியே வழுக்கிவிடும். தரையையே உள்பக்கம் சாய்த்துவிட்டால், வீரரின் எடையும் வளைவின் வேகமும் சேர்ந்து சக்கரத்தைப் பலகையோடு அழுத்தும். வளைவில் சரிவு ஏறத்தாழ 42 பாகை இருக்கும். அதன் அடியில் நின்று பார்த்தால் சுவர் என்றுதான் சொல்வீர்கள். வழுக்கி விழுகிறவர் வேகமாகப் போகிறவர் அல்லர், மெதுவாகப் போகிறவர்தான்.

எனக்கு இது ஏட்டறிவு மட்டும் இல்லை. உறவினர் வீட்டுக்கு வெளிநாடு போயிருந்தபோது, கட்டணம் கட்டிப் பழகும் வகுப்பொன்றில் ஒரு நாள் மரத்தடத்தில் ஓடினேன். வாடகைக்குத் தந்த சைக்கிளுக்குப் பிரேக் இல்லை, பிறீவீலும் இல்லை. சக்கரம் சுற்றினால் பெடலும் சுற்றும். நிறுத்தவேண்டுமானால் காலால் எதிர்த்து எதிர்த்து வேகத்தை இறக்க வேண்டும். முதல் இரண்டு சுற்று உள்ளே, நீல நிறம் பூசிய தட்டைப் பட்டையில் ஓடினேன். பிறகு கறுப்புக் கோட்டுக்கு ஏறச் சொன்னார் பயிற்றுநர். வளைவு வந்தபோது என் கால் தானாகத் தயங்கியது. "மிதி, மிதி, நிறுத்தாதே" என்று அவர் கத்தினார். மிதித்தேன். பலகைச் சுவர் என் மேல் விழப்போவது போல வந்து, கடைசிக் கணத்தில் காலுக்குக் கீழே போய்விட்டது. கைகள் திடீரென்று கனத்தன, முகத் தசை கீழே இழுத்தது. நேர்ப்பாதைக்கு வந்ததும் அந்தக் கனம் போய்விட்டது. பைன் பலகையில் ரயர் உருளும் அந்த ஓசை, பெரிய சங்கைக் காதில் வைத்தால் வரும் இரைச்சலைப் போன்றது. பத்து நிமிடம்தான் ஓடினேன். இறங்கியபோது முழங்கால் நடுங்கியது, ஆனால் இன்னொரு தடவை விடுவார்களா என்றுதான் கேட்டேன்.

பிரேக் ஏன் இல்லை என்பதற்கும் அங்கேதான் விடை கிடைத்தது. எல்லோரும் ஒரே திசையில் ஓடுகிறார்கள், சந்தி இல்லை, மாடு குறுக்கே வராது. முன்னால் போகிறவர் திடீரென்று பிரேக் பிடித்தால் பின்னால் ஒட்டி வருகிற அத்தனை பேரும் அவர் மேல் விழுவார்கள். பிரேக் இல்லாதபோது யாராலும் சட்டென்று நிறுத்த முடியாது என்று எல்லோருக்கும் தெரியும். அந்த நம்பிக்கையில்தான் சில அங்குல இடைவெளியில் ஓட முடிகிறது. தடத்துக்கு அது பாதுகாப்பு. எங்கள் வீதிக்கு அதுவே கொலை. யாராவது உங்கள் சைக்கிளில் பிரேக்கைக் கழற்றச் சொன்னால் அவர் பேச்சைக் கேட்காதீர்கள்.

விழுந்தால் எப்படி இருக்கும் என்பதற்கு மலேசியாவின் அசிசுல்ஹஸ்னி அவாங்கைச் சொல்ல வேண்டும். 2011இல் மான்செஸ்டரில் நடந்த உலகக் கிண்ணச் சுற்றில் விழுந்தபோது, தடத்தின் பலகையிலிருந்து பெயர்ந்த ஏறத்தாழ 20 சென்ரிமீற்றர் நீளச் சிராய் அவருடைய கெண்டைக்காலை ஊடுருவி நின்றது. அவர் எழுந்து, சைக்கிளில் ஏறி, கோட்டைக் கடந்து மூன்றாம் இடம் எடுத்தார். அந்தக் காலோடுதான் 2016 ரியோவில் வெண்கலமும் டோக்கியோவில் வெள்ளியும் வென்றார். உயரம் குறைந்தவர், எங்களைப் போன்ற வெப்ப நாட்டுக்காரர். அவருடைய படத்தை நான் பழக்கும் பிள்ளைகளுக்குக் காட்டுவது வழக்கம்.

அணித் துரத்தலைத் தவிர வேறு ஓட்டங்களும் இத்தகைய போட்டிகளில் உண்டு. ஸ்பிரின்ட் என்பது இரண்டு பேர் மோதுவது. அது உங்களுக்குப் பார்த்தவுடன் பிடிபடும், ஏனென்றால் சித்திரைப் புத்தாண்டு விளையாட்டுப் போட்டியில் மெதுவான சைக்கிளோட்டம் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். கால் தரையில் படாமல், கடைசியாகக் கோட்டைத் தொடுகிறவர் வெற்றி. ஸ்பிரின்டில் முதலாவதாக வருகிறவரே வெற்றியாளர் என்றாலும், முதல் சுற்றில் இருவரும் ஊர்ந்து போவார்கள். சிலவேளை சரிவில் சைக்கிளை அசையாமல் நிறுத்திக்கொண்டு ஒருவரை ஒருவர் பார்ப்பார்கள். காற்றுதான் காரணம். முன்னே போகிறவர் காற்றை வாங்க வேண்டும், பின்னால் நிற்கிறவர் கடைசி 200 மீற்றரில் அந்த நிழலிலிருந்து பாய்ந்து முந்தலாம். அதனால் யாருக்கும் முன்னே போக விருப்பம் இல்லை. எங்கள் ஊர்த் திடலில் ஹாண்டிலை ஆட்டி ஆட்டி நிற்கப் பழகிய பிள்ளைக்கு அந்தக் கலையின் முதல் பாடம் ஏற்கெனவே தெரியும்.

டீம் ஸ்பிரின்டில் மூன்று பேர், மூன்று சுற்று. முதலாமவர் ஒரு சுற்று இழுத்துவிட்டு விலகுவார், இரண்டாமவர் அடுத்த சுற்று, மூன்றாமவர் கடைசிச் சுற்றைத் தனியே முடிப்பார். பாரிஸில் நெதர்லாந்து 750 மீற்றரை 40.949 செக்கனில் முடித்தது. நின்ற நிலையிலிருந்து புறப்பட்டு!

ஆனால் அணித் துரத்தலுக்கு அடுத்ததாக என் மனத்தைப் பிடித்தது மடிசன். நியூயோர்க்கின் மடிசன் ஸ்கொயர் கார்டனிலிருந்து வந்த பெயர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அங்கே ஆறு நாள் சைக்கிளோட்டம் நடக்கும். தூக்கமில்லாமல் ஓடி வீரர்கள் மனம் பேதலித்து விழுந்தார்கள். 1898இல் ஒருவர் ஒரு நாளில் 12 மணி நேரத்துக்கு மேல் ஓடக்கூடாது என்று சட்டம் வந்தது. நடத்துகிறவர்கள் ஓட்டத்தை நிறுத்த மனமில்லாமல், இருவரைச் சோடியாக்கி மாறி மாறி ஓட வைத்தார்கள். அதுவே இன்றும் நாடுகளுக்கிடையிலான போட்டியாக நடக்கிறது. சோடியில் ஒருவர் ஓட்டத்தில் இருப்பார், மற்றவர் சரிவின் மேற்பக்கத்தில் மெதுவாகச் சுற்றிக்கொண்டு இளைப்பாறுவார். முறை மாறும்போது ஓடி வருகிறவர் மற்றவரின் கையைப் பிடித்து முன்னால் வீசி எறிவார். தன்னுடைய வேகத்தை அப்படியே அவர் கையில் கொடுத்துவிடுகிறார். பத்து, பதினைந்து நாடுகளின் சோடிகள் ஒரே தடத்தில் இதைச் செய்கிறபோது அது திருவிழாக் கூட்டத்தில் கைவிட்டுப் போன பிள்ளையைத் தேடுவது போலத்தான் இருக்கும். நானும் முதல் தடவை பார்த்தபோது ஒன்றும் புரியாமல்தான் இருந்தேன். பத்துச் சுற்றுக்கு ஒரு தடவை முதல் நான்கு இடங்களுக்கு 5, 3, 2, 1 என்று புள்ளிகள், எல்லோரையும் ஒரு முழுச் சுற்று முந்தினால் 20 புள்ளி என்று மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டு, ஒரே ஒரு நாட்டின் உடை நிறத்தைக் கண்ணால் தொடருங்கள். ஆண்கள் 50 கிலோமீற்றர், பெண்கள் 30 கிலோமீற்றர் ஓடுகிறார்கள். பெண்களுக்கான மடிசன் ஒலிம்பிக்கில் டோக்கியோவில்தான் முதன்முதலாகச் சேர்ந்தது.

போட்டிகளின் அமைப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உலக சைக்கிளோட்டச் சம்மேளனம் 1993 முதல் உலகக் கிண்ணம் என்ற பெயரில் சுற்றுப் போட்டிகளை நடத்திவந்தது. அதில் வணிக நிறுவனங்களின் அணிகளும் ஓடின. 2021இல் அது நாடுகள் கிண்ணமாக மாறியது, தேசிய அணிகளுக்கு மட்டும். 2023இல் ஜகார்த்தா, கெய்ரோ, கனடாவின் மில்டன் ஆகிய நகரங்களில் அதன் சுற்றுகள் நடந்தன. 2024இல் அடிலெய்டும் ஹொங்கொங்கும் மறுபடியும் மில்டனும். 2025இல் துருக்கியின் கொன்யா மட்டும். இத்தகைய சுற்றுகள், கண்டப் போட்டிகள், உலகச் சம்பியன் போட்டி ஆகியவற்றில் எடுக்கும் புள்ளிகள்தான் ஒலிம்பிக் கதவைத் திறக்கும். பாரிஸில் அணித் துரத்தலுக்கு ஆண்களில் 10 நாடுகள், டீம் ஸ்பிரின்டுக்கு 8 நாடுகள், அவ்வளவுதான் இடம். ஜகார்த்தாவின் தடம் 2018 ஆசிய விளையாட்டுப் போட்டிக்காகக் கட்டப்பட்டது என்பதைக் கவனியுங்கள். அந்தப் போட்டி முடிந்த பிறகும் அது பூட்டிக் கிடக்கவில்லை.

இனி கடைசிக் கேள்வி. திருகோணமலையில் சாய்தடம் இல்லை. கோணேசர் மலையடியில் மரத்தடம் எழும்பும் வரை காத்திருங்கள் என்று உங்களிடம் சொல்ல எனக்கு மனமில்லை. அதற்குப் பதிலாக எங்கள் கடலுக்கு அந்தப் பக்கம் பாருங்கள். 2004இல் எங்கள் கரையை அடித்த அதே அலை அந்தமான் நிக்கோபார் தீவுகளையும் அடித்தது. அங்கே ஒன்பது வயதுச் சிறுமி ஒருத்தி மரமொன்றைப் பிடித்துக்கொண்டு ஐந்து நாள் உயிர் பிழைத்தாள். அவர்தான் பின்னர் இந்தியாவின் முன்னணித் தட வீராங்கனையான டெபோரா ஹெரோல்ட். அதே தீவுகளைச் சேர்ந்த எசோ அல்பன் 2018இல் சுவிற்சர்லாந்தில் நடந்த கனிஷ்ட உலகப் போட்டியில், மோட்டார் சைக்கிளொன்றின் பின்னால் ஓடித் தொடங்கும் கெய்ரின் ஓட்டத்தில் வெள்ளி வென்றார். அடுத்த ஆண்டு ஜேர்மனியின் பிராங்பேர்ட் ஓடரில் அவரும் ரொனால்டோ சிங் முதலான தோழர்களும் டீம் ஸ்பிரின்டில் கனிஷ்ட உலகச் சம்பியன்கள் ஆனார்கள். பெரிய நாடுகளை எல்லாம் பின்னுக்குத் தள்ளி. ரொனால்டோ 2022இல் டெல்லியில் ஆசியப் போட்டியில் வெள்ளியும் எடுத்தார். தீவில் பிறந்த பிள்ளைகளைக் கண்டெடுத்து, டெல்லித் தடத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்துப் பழக்கினார்கள். கண்டெடுப்பதற்கு ஆள் இருந்தது, அனுப்புவதற்கு இடம் இருந்தது. எங்களுக்குக் குறைவது பிள்ளைகள் அல்ல.

கரீபியன் கடலில் உள்ள டிரினிடாட் இன்னொரு சான்று. மக்கள்தொகை பதினைந்து இலட்சம் அளவு. அங்கிருந்து வந்த நிக்கலஸ் போல் 2019இல் 200 மீற்றரை 9.100 செக்கனில் பறந்து உலகச் சாதனை படைத்தார். அந்தத் தீவுகளில் புல்தரையில் சைக்கிளோட்டம் நடத்தும் வழக்கம் நெடுங்காலமாக உண்டு. இங்கிலாந்திலும் உண்டு. எங்கள் திடல்களில் ஓட்டப் போட்டிக்குச் சுண்ணாம்புக் கோடு போடுகிறோமே, அதே கோட்டில் சைக்கிளும் ஓடலாம் என்று பல காலமாகச் சொல்லி வருகிறேன். புல் கெட்டுவிடும் என்று ஒரு தடவை மறுத்துவிட்டார்கள். அடுத்த வாரம் அதே புல்லில் களியாட்டத்துக்கு லொறி ஏறியதைப் பார்த்தபோது மனம் வெந்துபோனது.

ஆகவே, நீங்கள் இன்றே செய்யக்கூடியது என்ன? முதலில் வேகமாகச் சுழற்றப் பழகுங்கள். எங்கள் பிள்ளைகள் கனமான பல்லில், அதாவது கியரில், மெதுவாக அழுத்தி மிதிப்பதையே வலு என்று நினைக்கிறார்கள். இலகுவான பல்லில், இருக்கையில் துள்ளாமல், நிமிடத்துக்கு நூறு தடவைக்கு மேல் காலைச் சுழற்றப் பழக வேண்டும். தடத்தில் பல்லு மாற்ற முடியாது, புறப்படும்போதும் அதுதான், பறக்கும்போதும் அதுதான். அதனால் சுழற்சிதான் எல்லாம். உருளைகளின் மேல் சைக்கிளை வைத்து ஓடும் ரோலர் ஒன்றை ஊர் இரும்புப் பட்டறையில் செய்விக்கலாம். நான் வைத்திருப்பது அப்படிச் செய்தது. அதில் முதல் நாள் எல்லோரும் விழுவார்கள், சுவரோரமாக வையுங்கள். லுமாலா சைக்கிள் இருந்தாலும் சரி, அப்பாவின் பழைய ரலி சைக்கிள் இருந்தாலும் சரி, அது போதும். பின்னர் மாவட்ட, மாகாண, தேசிய வீதியோட்டங்களில் பெயர் கொடுங்கள். தேசியத் தெரிவாளர்கள் பார்ப்பது அங்கேதான். தட வீரர்கள் பலர் வீதியிலிருந்து வந்தவர்களே.

எல்லாவற்றுக்கும் மேலாக, மூன்று பேரைத் தேடிக்கொள்ளுங்கள். தனியாக ஓடிப் பெரிய ஆளாகலாம், ஆனால் காற்றைப் பங்கிடப் பழக முடியாது.

என்னிடம் பழகிய நால்வரைப் பற்றிச் சொல்கிறேன். விடிகாலையில், வாகனம் இறங்குவதற்கு முன், நிலாவெளி வீதியில் ஓடுவோம். நான் மோட்டார் சைக்கிளில் முன்னே போய், ஒரு மதகின் மேல் நிறுத்தும் கடிகாரத்தோடு நிற்பேன். நால்வரில் ஒருவன் மிகவும் வலுவானவன். முதல் நாள் அவன் மற்ற மூவரையும் அறுத்துவிட்டுத் தனியே பறந்து வந்து மதகைத் தாண்டினான். மூச்சு வாங்க, "சேர், எவ்வளவு?" என்று கேட்டான். கடிகாரம் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. அதை அவனிடம் காட்டினேன். அவன் கோபத்தோடு வீதியைப் பார்த்துக்கொண்டு நின்றான். மூன்றாவது பையன் வந்து சேர நீண்ட நேரம் எடுத்தது.

மூன்று மாதம் கழித்து ஒரு காலை. கச்சான் பக்கவாட்டில் வீசியது. மதகில் நின்று பார்த்தேன், தூரத்தில் ஒரே சைக்கிள் வருவது போல இருந்தது. கிட்ட வந்தபோதுதான் மூவர் என்று தெரிந்தது. வலுவானவன் முன்னால். அவன் தலை நிமிர்ந்து பார்க்கவில்லை, ஆனால் பின்னால் வருகிறவனின் ரயர்ச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே ஓடினான். சத்தம் கொஞ்சம் தள்ளிப்போனபோது காலைச் சற்றுத் தளர்த்தினான், ஒட்டியதும் மறுபடி அழுத்தினான். மூன்றாவது பையன் வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டு, அவனுக்கு முன்னால் இருந்த சக்கரத்தை மட்டும் பார்த்துக்கொண்டு, மதகைத் தாண்டினான். கடிகாரத்தை நிறுத்தினேன். பின்னால், வீதியோரப் பனைகளுக்குப் பக்கத்தில், நான்காவது பையன் சைக்கிளில் ஏறியிருந்தபடியே ஒற்றைக் காலை ஊன்றி நின்று கையை உயர்த்தி, நேரம் என்ன என்று சைகையால் கேட்டுக்கொண்டிருந்தான்.